காளான் சித்தரும் ஒரு திங்கட்கிழமையும்

காளான் சித்தரைப் பற்றி அறிந்தவர் சிங்கப்பூரிலேயே எங்கள் மாமா ஒருவர்தான். அதை அவரே என்னிடம் ஒப்புக்கொண்டிருக்கிறார்.

மாமா அம்மாவின் தம்பி. இந்த ஊரில் அம்மாவுக்கு உடன்பிறந்தவர் அவர் ஒருவர்தான். ஜூரோங்கில் கப்பல் பட்டறையில் வெல்டர் வேலை. கல்யாணமான மறு வருடமே அத்தை பிரசவத்தில் இறந்துபோனார், பிள்ளையும் தங்கவில்லை. நாங்கள் சிராங்கூன் ரோட்டை விட்டுப் புக்கிட் பாத்தோக்கில் புது வீட்டுக்குக் குடிவந்தபோது மாமாவும் ஒரு பெட்டியோடு கூடவே வந்தார். அதற்குப் பிறகு அவர் கோயிலுக்கு வந்ததில்லை. ஞாயிற்றுக்கிழமை நாங்கள் பூசை முடிந்து வந்து சாப்பிட்டதும், என்னை வாசலுக்கு வெளியே தாழ்வாரத்தில் உட்காரவைத்துச் சித்தரின் கதையைச் சொல்வார்.

சித்தர் ஒரு பழைய கல்லுடைப்புப் பள்ளத்தில் வாழ்ந்தார். தாடியிலும் தோளிலும் அவருக்குக் காளான் முளைக்கும். பழுப்புக் காளானைக் கடித்தால் ஒரு நிமிடம் ஒரு மாதமாக நீளும். கறுப்பைக் கடித்தால் ஒரு மழைக்காலமே தும்மி முடிப்பதற்குள் தீர்ந்துபோகும். வெள்ளைக் காளானைத் தின்றுவிட்டு எந்த நாளை நினைக்கிறாரோ அந்த நாளுக்கே போய்விடுவார். ஆனால் ஒவ்வொரு முறை போய்வரும்போதும் வயது ஏறிவிடும். அவரோடு வளர்ந்தவர்கள் இளமையாகவே இருக்க, அவர் மட்டும் கிழவராகிக்கொண்டிருந்தார். கூட உட்கார்ந்து சாப்பிட அவருக்கு ஆள் கிடையாது.

இவ்வளவு வித்தை தெரிந்தவர் எப்போதும் ஒரே நாளுக்குத்தான் போவார். அன்று ஒரு பெண் மாடி ஜன்னலிலிருந்து மூங்கில் கழியில் துணி காயப்போடுவாள். சித்தர் கீழே நின்று அண்ணாந்து பார்ப்பார். அவ்வளவுதான்.

"வேற நாளுக்குப் போக மாட்டாரா மாமா?"

"போலாம் லா. அவருக்குத் தோணல."

எனக்கு அந்த இடம் அலுப்பாக இருக்கும். ராட்சசன் வேண்டும் என்பேன். மறு வாரம் மாமா ஒரு ராட்சசனைக் கொண்டுவருவார். ஆனால் அவனைக் கொன்ற கையோடு சித்தர் மறுபடியும் அந்தத் துணிக்கழியின் கீழே போய் நின்றுவிடுவார்.

மற்ற நாட்களில் விடியுமுன்பே அப்பா, அம்மா, மாமா மூவரும் கம்பெனி பஸ் ஏறிவிடுவார்கள். எனக்கு மதியப் பள்ளிக்கூடம். அதுவரை கழுத்தில் சாவியோடு வீட்டில் தனியாக இருப்பேன். சிராங்கூன் ரோட்டில் கீழே எப்போதும் யாராவது யாரையாவது கூப்பிட்டுக்கொண்டிருப்பார்கள். இங்கே தாழ்வாரத்தின் எல்லாக் கதவுகளும் சாத்தியிருக்கும். ரேடியோவில் செய்தி வாசிப்பவர் வணக்கம் சொன்னால் நானும் திருப்பிச் சொல்வேன்.

ஒரு திங்கட்கிழமை காலை, மழை விட்டதும் எங்கள் அடுக்குமாடி ப்ளாக்குக்குக் கீழே புல்லில் வெள்ளைக் காளான்கள் முளைத்திருந்தன. இரண்டைப் பறித்து வந்து, கம்பிக்கதவைப் பூட்டிக்கொண்டு தின்றேன். பச்சை மரவள்ளி போலச் சப்பென்று இருந்தது. கண்ணை மூடி ஒரு நாளை நினைத்தேன். திறந்தபோது கடிகாரம் முன்னால்தான் போயிருந்தது. பிறகு வயிற்றைப் புரட்டியது.

நான் வாந்தியெடுக்கும் சத்தம் கேட்டுப் பக்கத்து வீட்டுச் சீன ஆன்ட்டி ஓடிவந்தார். அதற்கு முன் நாங்கள் பேசியதில்லை. கம்பிக்கு வெளியே நின்று "கீ, கீ" என்றார். சாவியைத் தரையில் தள்ளிவிட்டேன். நான்கு மாடி என்னைத் தூக்கிக்கொண்டே இறங்கினார்.

ஆஸ்பத்திரியில் குழாய் விட்டு வயிற்றைக் கழுவினார்கள். சாயங்காலம் அம்மா வந்து, யார் சொல்லித் தின்றாய் என்று கேட்டார். "மாமா" என்றேன். அது பொய் இல்லை; உண்மையும் இல்லை என்று சொல்ல எனக்குத் தெரியவில்லை.

மாமா வேலை உடுப்போடு கட்டிலருகே நின்றார்.

"எந்த நாளுக்குப் போகப் பாத்தே?"

"நேத்து. நேத்துதான் எல்லாரும் வீட்ல இருந்தீங்க."

மாமா தலையைக் குனிந்துகொண்டார். அம்மாவின் காதிலும் அது விழுந்தது, ஆனால் அவருக்குக் கோபப்பட ஒருவர் வேண்டியிருந்தது.

"பிள்ளை செத்திருந்தா? உன் வீட்டுல நடந்தது போதாதுன்னு என் வீட்டுலயும் நடக்கணுமா?"

"சும்மா கதைதானேன்னு நெனச்சேன், அக்கா."

அந்த வாரமே மாமா பெட்டியை எடுத்துக்கொண்டு பட்டறைக்குப் பக்கத்தில் ஒரு வாடகை அறைக்குப் போய்விட்டார். போக வேண்டாம் என்று அம்மா சொல்வார் என நினைத்தேன். அம்மா துணி மடித்துக்கொண்டிருந்தார்.

அடுத்த ஞாயிறு சாப்பாடு முடிந்ததும் அம்மா தாழ்வாரத்துக்கு வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார். எதிர் ப்ளாக்கைப் பார்த்தபடி, "அந்தச் சித்தர் என்னதான் பண்ணுவாரு? சொல்லேன்" என்றார்.

மாமாவைப் போகவிட்டதற்கு அம்மாவைப் பழிவாங்க இதைவிட நல்ல சமயம் வாய்க்காது என்று எனக்குத் தோன்றியது.

"அவரு செத்துட்டாரு" என்றேன்.

அம்மா எழுந்து சமையலறைக்குள் போனார். குழாயைத் திறந்துவிட்ட சத்தம் கேட்டது. வெகுநேரம் தண்ணீர் ஓடிக்கொண்டே இருந்தது. சட்டிகளையெல்லாம் சற்று முன்புதான் நானே துடைத்து அடுக்கியிருந்தேன். இன்னும் எதைக் கழுவுகிறார் என்று யோசித்தேனே தவிர, எழுந்து போய்ப் பார்க்க எனக்குத் தோன்றவில்லை.