கயிற்றுக் கடை வழக்கு

என் கணவருக்கு நாற்பதாம் நாள் பாத்திஹா ஓதி முடிப்பதற்குள் நகராட்சியிலிருந்து நோட்டீஸ் வந்துவிட்டது. மார்க்கெட்டில் அவர் நடத்திய கயிற்றுக் கடை அவர் ஒருவருக்கு மட்டும் கொடுத்த லைசென்ஸாம். ஆள் போனதோடு லைசென்ஸும் போயிற்றாம். கடையை ஏலம் விட்டுவிட்டார்கள், காலி செய்ய வேண்டும் என்றிருந்தது.

சமஸ்தான ஆட்சி போன பிறகு அவர் எடுத்த கடை அது. ஜெகதாப்பட்டினத்திலிருந்து வலைக்கயிறு வாங்க வருவார்கள். குளத்தூர்ப் பக்கத்துச் சம்சாரிகள் கிணற்றில் நீர் இறைக்கக் கமலைக் கயிறு வாங்க வருவார்கள். எனக்கும் என் இரண்டு பெண் பிள்ளைகளுக்கும் அதை விட்டால் வேறு வழியில்லை. நானோ கணவனை இழந்தவள் இருக்க வேண்டிய இத்தாவில் இருந்தேன். அந்த நாலு மாதம் பத்து நாள் முடியும்வரை வாசற்படி தாண்டக் கூடாது.

ஏலம் எடுத்தவர் யார் என்பதை நாங்கள் வைத்த வக்கீல்தான் சொல்லியனுப்பினார். என் கொழுந்தன். கேட்டதற்கு அவர் ஒளிக்கவில்லை.

"வெளியாளு எடுத்தா கடையே போயிரும் மதினி. நான் எடுத்தா குடும்பத்துக்குள்ள இருக்கும்ல? ஒங்களுக்கு மாசாமாசம் ஏதாச்சும் தாரேன்."

அந்த 'ஏதாச்சும்' என்ற சொல் என்னைத் தூங்கவிடவில்லை. கணவரின் தாயான மாமி ஒரு பக்கம் மகனைப் பார்த்தார், ஒரு பக்கம் என்னைப் பார்த்தார்.

வக்கீல் ஒன்றை மட்டும் அழுத்திச் சொல்லியிருந்தார். குத்தகை என்றால் வாரிசுக்கு வரும், லைசென்ஸ் என்றால் வராது. வழக்கு நிற்க வேண்டுமானால் கடை நம் கையை விட்டுப் போகக் கூடாது. கோர்ட்டில் தடையுத்தரவு கேட்டிருக்கிறேன், அதற்குள் அவர்கள் பூட்டுப் போட்டுவிட்டால் கஷ்டம் என்றார்.

ஒருநாள் காலையில் பக்கத்துக் கடைக்காரர் வீட்டு வாசலில் நின்று குரல் கொடுத்தார். "ஆபீஸ்காரங்க பூட்டோட வந்திருக்காங்கம்மா. அங்கிட்டு யாராச்சும் போங்க."

போக யார் இருக்கிறார்கள்? கடைச் சாவியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன். அப்போது மாமி தன் வெள்ளைத் துப்பட்டியை எடுத்துப் போர்த்தினார். இன்னொன்றை என் தலையில் போட்டார்.

"நட. நான் கூட வாரேன்."

கடை வாசலில் கூட்டம். நகராட்சி அதிகாரியும் இரண்டு சிப்பந்திகளும் நின்றார்கள். கொழுந்தன் சற்றுத் தள்ளி நின்றார். எங்களைக் கண்டதும் அவர் முகம் மாறியது.

"இத்தாவுல இருக்கிறவங்க இப்படி வரலாமா மதினி?"

"அவளா வரலை. நான்தான் கூட்டிக்கிட்டு வந்தேன்" என்றார் மாமி.

பூட்டுத் துவாரத்தில் சாவி நுழையவே மாட்டேன் என்றது. திறந்து, இருவரும் உள்ளே போய்க் கயிற்றுக் கட்டுகளின் மேல் உட்கார்ந்துகொண்டோம்.

"வெளிய வாங்கம்மா. நாங்க பூட்டணும்" என்றார் அதிகாரி.

"பூட்டிக்கிங்க. நாங்க உள்ள இருக்கோம்" என்றேன்.

பெண்களை உள்ளே வைத்துப் பூட்ட அவருக்குத் துணிவில்லை. வெயில் ஏறியது. தாகம் எடுத்தது. குடித்தால் வெளியே போக வேண்டிவரும், போனால் அவ்வளவுதான் என்று தண்ணீர்கூடக் கேட்கவில்லை. பிற்பகலில் வக்கீல் தடையுத்தரவோடு வந்தபோது மாமியின் உதடு காய்ந்து வெடித்திருந்தது.

வழக்கு அதன்பிறகுதான் உண்மையில் தொடங்கியது. இத்தா முடிந்து நான் முன்சீப் கோர்ட்டில் கூண்டேறினேன். நகராட்சி வக்கீல் ஒப்பந்தத்தைக் காட்டிக் கேட்டார்.

"எப்ப வேணும்னாலும் உள்ளே வந்து பாக்க நகராட்சிக்கு அதிகாரம் உண்டுன்னு இதுல இருக்கா இல்லையா?"

"இருக்குதுங்க."

"ராத்திரி மார்க்கெட் கேட்டைப் பூட்டுறது யாரு?"

"நகராட்சிதாங்க."

எங்கள் வக்கீல் தலையைக் குனிந்துகொண்டார். இதெல்லாம் லைசென்ஸுக்குத்தான் பொருந்தும், தோற்றோம் என்றே நினைத்தேன். முன்சீப் என்னைப் பார்த்துக் கேட்டார். "அவங்க கடைக்குள்ளே வந்து பாத்ததுண்டா?"

"வருவாங்க. வாசல்ல நின்னு கூப்பிடுவாங்க. எங்க வீட்டுக்காரரு வாங்கன்னு சொன்னாத்தான் உள்ள வருவாங்க. கடைச்சாவி எங்களைத் தவிர யாருகிட்டயும் இல்லீங்க."

அவர் அதைக் குறித்துக்கொண்டார். தீர்ப்பில், தாளில் லைசென்ஸ் என்று எழுதியிருந்தாலும் நடப்பில் இது குத்தகைதான், வாரிசுகளைச் சட்டப்படி அல்லாமல் வெளியேற்ற முடியாது என்று சொல்லியிருந்தார்.

நகராட்சி அப்பீல் போனது. அது வருஷக்கணக்கில் இழுத்தது. கடைசியில் புதிதாக வந்த கவுன்சில், வாடகையை உயர்த்தி என் பெயருக்கே குத்தகை எழுதிக் கொடுத்து வழக்கை முடித்துக்கொண்டது.

கொழுந்தன் வேறு தெருவில் கயிற்றுக் கடை போட்டார். எங்களுக்குள் பேச்சு நின்றுவிட்டது. மாமி கொஞ்ச நாள் அங்கேயும் கொஞ்ச நாள் இங்கேயுமாக இருந்தார். அன்று ஏன் மகனை விட்டு என்னோடு வந்தார் என்று ஒருமுறை கேட்டேன்.

"அவனுக்குக் கையி காலு இருக்கு. பொழைச்சுக்குவான்" என்றார். பிறகு முகத்தைத் திருப்பிக்கொண்டு, அவன் வீட்டுக்குப் போக வண்டி பிடித்துத் தரச் சொன்னார்.