வேகாத கஞ்சிக்கு வந்த போன்

இன்று காலை மாப்பிள்ளைச் சம்பா அரிசியில் இனிப்புக் கஞ்சி வைத்தேன். ஒரு மணி நேரமாகியும் அரிசி வேகவில்லை.

"பல்லுக்கு நல்ல வேலை" என்று எழுதி, படத்தை ஸ்டேட்டஸில் போட்டேன்.

உடனே ஒரத்தநாட்டிலிருந்து அக்கா போன் செய்தாள். அப்பாவின் நிலத்தைப் பங்கு பிரித்ததில் சண்டை வந்து, நாங்கள் பேசி மூன்று வருடமாகிறது.

"வெல்லத்தை எப்ப போட்ட?"

"அரிசியோடவே போட்டேன்க்கா."

"அதான் வேகல. அரிசி நல்லாக் குழைஞ்சப்புறம்தான் வெல்லம் போடணும்."

"சரிக்கா. நீ சாப்பிட்டியா?"

"ம்" என்று சொல்லிப் போனை வைத்துவிட்டாள்.

நிலத்தைப் பற்றி இருவருமே வாய் திறக்கவில்லை. அவள் இன்னும் கொஞ்சம் திட்டியிருக்கலாம்.

நாளைக்கு எந்தச் சமையலைக் கெடுத்தால் அக்கா மறுபடி கூப்பிடுவாள்? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.