அரோமேட்டிக் என்றால்

ஓசூரில் நான் வேலை பார்த்த பெயிண்ட் கம்பெனி கேட்டில், நரைத்த கொண்டைமேல் தொப்பி வைத்த செக்யூரிட்டி அம்மா ஒருவர் இருந்தார். வந்திறங்கும் டிரம்களின் லேபிளை எழுத்துக்கூட்டிப் படித்து, புரியாததை என்னிடம் கேட்பார்.

"அரோமேட்டிக்னா வாசனைதானுங்க சார்?" என்றார் ஒருநாள்.

"பேச்சுல அப்படித்தாம்மா. கெமிஸ்ட்ரியில, பென்சீன் மாதிரி கார்பன் வளையமா சேர்ந்திருக்குன்னு அர்த்தம். இந்த டிரம்ல இருக்கறத மோந்தா உடம்புக்கு ஆகாது."

அவர் முகம் மாறியது. "அய்யோ, மாசமா இருக்கற பொண்ணு டிரம் ரூம்லதான் உக்காந்து சாப்பிடுது!" என்று ஓடினார்.

கூட்டிப் பெருக்கும் அந்தக் கன்னடப் பெண்ணைக் கைப்பிடித்து அழைத்துவந்து, "இல்லே கூத்கோ தாயி" என்று, இங்கேயே உட்காரும்படி கன்னடத்தில் சொல்லி, தன் நாற்காலியில் உட்காரவைத்தார்.

அவள் பிரசவத்துக்குப் போகும்வரை, தினமும் சாப்பாட்டு நேரத்தில் அம்மா நின்றபடியேதான் கேட்டைத் திறந்து மூடினார். டிரம் ரூமுக்குப் பக்கத்து லேபரட்டரியில் இருந்த நான், அந்த அறையை ஒருநாளும் எட்டிப் பார்த்ததில்லை.