ஏனுங்க என்றால் ஏன் இல்லை

தொண்ணூறுகளின் நடுவில் நான் கோயம்புத்தூரில் ஓர் அரசு அலுவலகத்தின் நிர்வாகப் பிரிவில் இருந்தேன். ஊழியர்களின் பணிமூப்பு, விடுப்பு, ஆண்டுதோறும் அதிகாரி எழுதித் தரும் மந்தண அறிக்கை, இவையெல்லாம் என் மேசைக்கு வரும். மந்தணம், அதாவது ரகசியம், என்று பெயர் இருந்தாலும், பாதகமாக ஏதாவது எழுதப்பட்டால் சம்பந்தப்பட்டவருக்குத் தெரிவித்துக் கையொப்பம் வாங்க வேண்டும் என்பது விதி. அந்த ஆண்டு அப்படி ஒரேயொரு குறிப்பாணையைத் தட்டச்சு செய்தேன். அது எனக்கு எதிரே உட்கார்ந்திருந்த அக்காவுக்கு.

அக்கா அவிநாசியிலிருந்து பஸ்ஸில் வந்துபோவார். உதவியாளர்களில் அவரே மூத்தவர். கண்காணிப்பாளர் இடம் ஒன்று காலியாகியிருந்தது. இந்தக் குறிப்பால் பதவி உயர்வுப் பட்டியலில் அவர் பெயர் விட்டுப்போனால் அடுத்த நிலையில் இருந்த பொள்ளாச்சிக்காரர் மேலே போவார். இளையவரான அவருக்குக் கீழே அக்கா வேலை பார்க்க வேண்டிவரும்.

குறிப்பாணையின் வாசகம் இது: “பணியில் குறை இல்லை. ஆனால் எப்போது அழைத்தாலும் ‘ஏன்’ என்று கேட்கும் வழக்கமுடையவர். கீழ்ப்படிதல் போதாது.”

அக்கா இரண்டு முறை படித்தார். “நான் எப்ப அம்மணி அவரை ஏன்னு கேட்டேன்?” என்றார். எனக்கும் விளங்கவில்லை.

அன்று பிற்பகல் அதிகாரி தம் அறையிலிருந்து அவர் பெயர் சொல்லிக் கூப்பிட்டார். அக்கா எழுந்து கதவருகே போய், தலையைச் சற்றுத் தாழ்த்தி, “ஏனுங்க” என்றார். நான் தட்டச்சை நிறுத்தினேன். அக்காவும் திரும்பி என்னைப் பார்த்தார்.

அதிகாரி தெற்கு மாவட்டம் ஒன்றிலிருந்து மாற்றலாகி வந்தவர். எங்கள் பக்கத்தில் யார் கூப்பிட்டாலும் ஏனுங்க என்போம். வந்துவிட்டேன், சொல்லுங்கள் என்பதுதான் அதன் பொருள். அவர் காதில் அது ஓராண்டாகக் கேள்வியாகவே விழுந்திருக்கிறது. நாங்கள் எல்லாரும் அதையேதான் சொன்னோம். ஆனால் அவர் அடிக்கடி கூப்பிட்டது அக்காவை. கோப்புகள் அவரிடம்தான் ஒழுங்காக இருந்தன.

நேரில் போய் விளக்கிவிடலாம் என்று பொள்ளாச்சிக்காரரே யோசனை சொன்னார். “ரெண்டு நிமிசப் பேச்சுங்கக்கா. போய்ச் சொல்லிப்போட்டு வந்துருங்க.”

“உள்ள போனதும் வாயில அதுதானே தம்பி மொதல்ல வருது” என்றார் அக்கா. பிரிவு முழுவதும் சிரித்தது. அவரும் கொஞ்சம் சிரித்தார்.

மேல்முறையீட்டை நான்தான் எழுதிக் கொடுத்தேன். அச்சொல் வினா அன்று, இவ்வட்டாரத்தின் மரியாதைச் சொல் என்ற ஒரே வரியில் நிறுத்திக்கொண்டேன். மேலதிகாரி நேரில் விசாரிக்க வரச்சொன்னார். அதற்கு முந்தைய நாட்களில் அக்கா பஸ்ஸில் வரும்போதெல்லாம் “சொல்லுங்க சார்” என்று சொல்லிப் பழகியதாகச் சொன்னார்.

விசாரணைக்குக் கோப்புடன் நானும் போயிருந்தேன். கேட்டதற்கெல்லாம் அக்கா தடங்கலில்லாமல் பதில் சொன்னார். பேச்சு முடிந்து அவர் வாசலை நெருங்கும்போது மேலதிகாரி, “ஒரு நிமிஷம்மா” என்றார். அக்கா சட்டென்று திரும்பி, “ஏனுங்க” என்றார். சொன்ன பிறகுதான் அவருக்கே உறைத்தது. மேலதிகாரி கோப்பில் ஒரு வரி எழுதினார். பிறகு, ஒன்றுமில்லை, போகலாம் என்றார்.

பாதகக் குறிப்பை நீக்கி ஆணை வந்தது. ஆனால் அதற்குள் பட்டியல் வெளியாகிவிட்டது. பொள்ளாச்சிக்காரர் கண்காணிப்பாளரின் மூலை மேசைக்கு மாறியிருந்தார். பட்டியலைத் திருத்தக் கோரலாம், அப்படித் திருத்தினால் அவர் பழைய இடத்துக்கு இறங்க வேண்டியிருக்கும் என்று விதியை அக்காவுக்கு எடுத்துச் சொன்னேன். “அவரை எறக்கிப்போட்டு நான் ஏறோணுமா? வேண்டாம் அம்மணி. அடுத்த வருசம் வந்தா வரட்டும்” என்றார்.

மறுநாள் காலை புதிய கண்காணிப்பாளர் தம் இடத்திலிருந்தே வழக்கம்போல் “அக்கா” என்று கூப்பிட்டார். அக்கா ஒரு கோப்புடன் எழுந்து போய் மேசைக்கு முன் நின்றார்.

“சொல்லுங்க சார்.”

அவர் நிமிர்ந்து பார்த்தார்.

“ஏனுங்கக்கா, நானும் உங்களுக்கு வெளியூர்க்காரனாயிட்டனுங்களா?”

“அப்படியில்லீங்க சார். பழகிப்போச்சுங்க” என்று அக்கா கையிலிருந்த கோப்பை வைத்துவிட்டுத் தம் இருக்கைக்குத் திரும்பினார்.

அதன் பிறகு அவர் அக்காவை இருந்த இடத்திலிருந்து கூப்பிட்டதில்லை. ஏதாவது தேவைப்பட்டால் எழுந்து எங்கள் பக்கம் வந்து, அக்கா தலைநிமிரும்வரை மேசை ஓரத்தில் நிற்பார்.