எட்டுத் தறிக்குச் சான்று

காந்திபுரத்தில் ஒரு ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் எனக்குக் காலை நேர வேலை. பெயர்ச் சீட்டு ஒட்டாத குழாயைக் கண்டால் எனக்குக் கை பரபரக்கும். அது யாருடைய ரத்தம் என்று தெரியும்வரை சோறு இறங்காது. மதியம் கணபதியில் வீடு வந்து சாப்பிட்டதும் மடிக்கணினியைத் திறந்து அதே வேலையைத்தான் வேறு விதமாகச் செய்கிறேன். யார் வேண்டுமானாலும் எழுதலாம் என்று இணையத்தில் ஒரு தமிழ்க் கலைக்களஞ்சியம் இருக்கிறது. அதில் உள்ள ஒவ்வொரு தகவலுக்கும், இது எங்கிருந்து வந்தது என்று கீழே ஒரு சான்று இருக்க வேண்டும். பத்திரிகைகள் பழைய பக்கங்களைத் தூக்கிவிடுவதால் நிறையச் சான்றுகளை அழுத்தினால் எங்கும் போகாது. செத்த தொடுப்பு என்போம். எங்காவது சேமித்து வைத்த பிரதி இருக்கிறதா என்று தேடி மாட்டிவிடுவேன். கிடைக்காவிட்டால் தகவலையே எடுத்துவிடுவேன்.

“ஊரு ஒட்டடையெல்லாம் நீயேதான் அடிக்கோணுமா அம்மணி?” என்பார் என் வீட்டுக்காரர். கீழ்த்தளத்தில் அவருக்கு லேத் பட்டறை. தன் கையில் எப்போதும் கிரீஸ் இருப்பதால் என் வேலையெல்லாம் அவருக்குப் பொழுதுபோக்குதான்.

ஒரு நாள் என் பிறந்த ஊரைப் பற்றிய பக்கமே செத்த தொடுப்புகளின் பட்டியலில் வந்து நின்றது. சோமனூர்ப் பக்கம் ஒரு சின்ன ஊர். சர்ச் கட்டுவதற்கு முன்பு, எட்டு விசைத்தறிகள் ஓடிய ஒரு தறிக்கூடத்தில்தான் ஞாயிறு பூசை நடந்தது என்று அதில் ஒரு வரி. அந்தத் தறிக்கூடம் என் தாத்தாவுடையது. வீட்டில் நாங்கள் கேட்டு வளர்ந்தது நான்கு தறி. எழுத்தில் ஏறினால் எண்ணிக்கை கூடும்போல என்று நான் அதைப் பெரிதாக எடுத்துக்கொண்டதில்லை. ஆனால் அந்த வரி என் அப்பாவுக்கு உயிர். டீக்கடையில், பங்குச் சாமியாரிடம், பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்தவரிடம் என்று போனை நீட்டாத ஆளில்லை.

அதற்குக் காரணம் உண்டு. சில வருஷத்துக்கு முன் ஒரு ஈஸ்டர் விருந்தில் அப்பா வழக்கம்போலத் தறிக்கூடத்துப் பூசையை ஆரம்பித்தார். என் வீட்டுக்காரரும் வழக்கம்போலச் சீண்டினார். அன்றைக்கு ஒரு சொல் கூடிப்போனது. “அது எங்கீங்க மாமா எழுதியிருக்குது?” என்று எல்லோர் முன்னாலும் கேட்டுவிட்டார். அப்பாவின் முகம் சுண்டிப்போனது. பாதிப் பிரியாணியில் எழுந்து கை கழுவினார். அதன்பின் இரண்டு மாதம் எங்கள் வாசல் மிதிக்கவில்லை. போனில் என்னோடு பேசுவார். இவர் பேச்சை எடுத்தால் சிக்னல் இல்லை என்பார்.

பிறகு ஒரு நாள் மாம்பழப் பையோடு வந்து இறங்கினார். யாரோ காட்டினார்களாம். “எழுதியிருக்குதுங்க மாப்பிள்ளை” என்று போனை நீட்டினார். இவர் படித்துவிட்டு, தான் பேசியது தப்புதான் என்று ஒத்துக்கொண்டார். அன்றிலிருந்து இருவரும் ஒட்டிக்கொண்டார்கள். அப்படிப்பட்ட வரிக்குத்தான் இப்போது சான்று செத்துக் கிடந்தது. வரி போனால் அந்தச் சமாதானமும் போய்விடுமோ என்று உடனே தேட உட்கார்ந்தேன்.

இரண்டு மதியம் தேடி, அந்தப் பத்திரிகைச் செய்தியின் பழைய பிரதியைப் பிடித்துவிட்டேன். சந்தோஷம் ஒரு நிமிடம்கூட நிற்கவில்லை. செய்தி, கலைக்களஞ்சியத்தில் அந்த வரி வந்த பிறகு வெளியானது. நிருபர் அந்த வரியை அப்படியே எடுத்துப் போட்டிருந்தார். அதை யாரோ கொண்டுவந்து அதே வரிக்குச் சான்றாக மாட்டியிருக்கிறார்கள். குழாய்க்குச் சீட்டு எழுதி, சீட்டைப் பார்த்து இது இன்னார் ரத்தம் என்று சொன்ன கதை. எனக்கு வந்ததே கோபம். முதன்முதலில் எழுதிய புண்ணியவான் யார் என்று பார்க்க, எந்த மாற்றம் எப்போது நடந்தது என்று காட்டும் பக்க வரலாற்றைத் திறந்தேன்.

எந்த மாற்றத்தைச் செய்தாலும் ஏன் செய்தோம் என்று ஒரு சின்னப் பெட்டியில் எழுத இடம் உண்டு. எல்லோரும் அதில் ஒன்றிரண்டு சொல் எழுதுவார்கள். இந்த ஆள் கடிதமே எழுதியிருந்தார். “ஒரு வரி சேர்த்திருக்கிறேனுங்க. தப்பாக இருந்தால் மன்னிக்கோணும். ஆதாரம்: என் மாமனார் நேரில் சொன்னதுங்க.” தேதியைப் பார்த்தேன். ஈஸ்டருக்கு மறுநாள்.

திரும்பத் திரும்பப் படித்தேன். கோபம் இருந்த இடம் தெரியவில்லை. என் வேலையை ஒட்டடை என்ற மனுஷன், கிரீஸ் கையோடு உட்கார்ந்து ஒவ்வொரு எழுத்தாகத் தட்டியிருக்கிறார். கீழே போய்க் கேட்டேன். லேத்தை நிறுத்திவிட்டு, கழிவுத்துணியில் ரொம்ப நேரம் கை துடைத்தார். நேரில் போய் மன்னிப்புக் கேட்க வாய் வரவில்லை என்றார். எடுத்துவிடுவாயா என்றும் கேட்டார். எடுத்துத்தான் ஆக வேண்டும், அப்பாவிடம் நீங்களே சொல்லிவிடுங்கள் என்றேன்.

ஞாயிறு பூசை முடிந்து அப்பா வீட்டுக்குப் போனோம். காபி ஆறும்வரை இவர் மழையைப் பற்றிப் பேசினார், பட்டறை மோட்டாரைப் பற்றிப் பேசினார். நான் முறைத்த பிறகுதான் விஷயத்துக்கு வந்தார். “மாமா, அந்த வரிய எழுதுனது நாந்தானுங்க.”

“தெரியுமுங்க மாப்பிள்ளை” என்றார் அப்பா.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. எப்படித் தெரியும் என்று கேட்டேன். அப்பா டம்ளரைக் கீழே வைத்தார்.

“இருந்தது நாலு தறி கண்ணு. உன்னப் பொண்ணு பாக்க வந்தன்னைக்கு, மாப்பிள்ளை ஊட்டுக்காரங்க கொறைவா நெனச்சுருவாங்கன்னு எட்டுன்னு சொல்லிப்போட்டேன். எட்டுன்னு இவருகிட்ட மட்டுந்தான் சொன்னது. அப்பறம் இவரு முன்னால எண்ணிக்கையே பேசறதில்ல.”

அப்படியானால் மாம்பழத்தோடு வந்தது, வரி எழுத்தில் இருந்ததற்காக அல்ல. அதை எழுதியது யார் என்று தெரிந்ததற்காக. இத்தனை வருஷம் இரண்டு பேரும் என்னிடம் வாய் திறக்கவில்லை. இவர்கள் இருவர் மேலும் எனக்கு அப்படியொரு பாசம் பொங்கியது. கண்ணைத் துடைத்துக்கொண்டு, எடுத்துவிடட்டுமா அப்பா என்றேன்.

தாராளமாக எடு, அதற்கு முன் மாப்பிள்ளை ஒருமுறை படிக்கட்டும் என்றார். இவர் போனை வாங்கித் தொண்டையைச் செருமிக்கொண்டு, சர்ச்சில் வாசகம் வாசிப்பதுபோல நிறுத்தி வாசித்தார். எட்டு விசைத்தறிகள் என்று வந்ததும் அப்பா கையை உயர்த்தினார்.

“நாலுங்க மாப்பிள்ளை.”

“எட்டுன்னுதானுங்க மாமா எழுதியிருக்குது.”

இருவரும் சிரித்து முடிக்கும்வரை காத்திருந்துவிட்டு, நான் அந்த வரியை அழித்தேன்.