மேசையைத் துடைத்த ஹங்கேரியர்

மதிப்பிற்குரிய ஐயா, அம்மா,

எண்பதுகளில், பிரெஞ்சுத் தலைநகரின் லா சப்பல் பகுதியில் நான் வழக்கமாக உண்ட தமிழ்ச் சாப்பாட்டுக்கடைக்கு ஹங்கேரியர் ஒருவர் நாள்தோறும் வருவார். நெடியவர்; வலத்தோள் சற்றுத் தாழ்ந்திருக்கும். மேசைப்பந்தாட்டத்தில் தம் நாட்டின் சம்பியனாக இருந்ததாகச் சொல்வார். நாங்கள் நம்பவில்லை. அமர்ந்தவுடன் மேசையின் நடுப்பகுதியை உள்ளங்கையால் துடைப்பார். பின்னர் வருவோர் போவோரை உற்று நோக்கியிருப்பார்.

கடைச் சமையற்காரருக்கு அப்போது வதிவிட அனுமதி இல்லை. பிடிபட்டால் நாட்டுக்குத் திருப்பி அனுப்பிவிடுவார்கள்.

"அண்ணை, உவன் பொலிஸ்தான். சம்பியன் எண்டால் இஞ்சை வந்து ஏன் வடை தின்னுறான்?" என்றார் கடைக்காரர் என்னிடம்.

"ஏன், சம்பியன் பட்டினி கிடக்கோணுமே?" என்று சமையற்காரர் உள்ளிருந்து கேட்டார். ஆயினும் வெளியே வரவில்லை.

ஒருநாள் நான் ஹங்கேரியரின் எதிரே அமர்ந்து, மேசையைத் துடைப்பது எதற்கென்று பிரெஞ்சு மொழியில் வினவினேன்.

"ஆடும்போது வலையருகே கைவியர்வையைத் துடைப்போம், மிஸ்யூ. அந்தப் பழக்கம் போகவில்லை," என்றார். பின்னர் குரலைத் தாழ்த்தினார். "வெளிநாட்டுப் போட்டிகளுக்கு எங்கள் அரசாங்கத்தார் எங்களோடு ஒருவரை அனுப்புவார்கள். அவர் பந்தைப் பார்க்கமாட்டார். தப்பி ஓடிவிடுவோமோ என்று எங்களையே பார்ப்பார். நான் தப்பினேன். என் ஆட்டமும் அத்தோடு முடிந்தது. நீங்களும் என்னை அப்படித்தான் பார்க்கிறீர்கள். உங்களை அனுப்பியது யார்?"

நான் விடை சொல்லுமுன் எழுந்து சென்றார், பிறகு வரவேயில்லை. சமையற்காரருக்குத் தீங்கொன்றும் நேரவில்லை. அந்த ஹங்கேரியர் உண்மையில் சம்பியன்தானா என்பதை இன்றும் அறியேன். என்னை யாரென்று எண்ணிப் போனார் என்பதை மட்டும் அறிவேன்.

இக்குறிப்பைத் தங்கள் ஆவணக்காப்பகத்தில் தயவுகூர்ந்து பேணி வையுங்கள்.