டீசன்ட் பார்ட்டி

வில்லாபுரத்தில் யாருக்காவது வாடகைக்கு வீடு வேண்டுமென்றால் முதலில் என் கடைக்குத்தான் வருவார்கள். நான் வீட்டு புரோக்கர் இல்லை. ஜெராக்ஸ் எடுப்பேன், வாடகை ஒப்பந்தம் டைப் அடித்துக் கொடுப்பேன், அவ்வளவுதான் என் தொழில். புரோக்கர் ஜெயக்கொடி. அவருக்குத் தனியாக ஆபீஸ் கிடையாது. பதினோரு வருடமாக என் கடை வாசலில் கிடக்கும் சிவப்பு பிளாஸ்டிக் நாற்காலிதான் அவருடைய ஆபீஸ். அவர் பிடித்துத் தரும் வீடுகளுக்கெல்லாம் ஒப்பந்தம் என்னிடம்தான் அடிப்பார்கள் என்பதால், நாற்காலிக்கு நான் எதுவும் கேட்டதில்லை.

ஜெயக்கொடிக்குச் சொந்த ஊர் எழுமலைப் பக்கம். கல்யாணமாகி மதுரைக்கு வந்தவர். கணவர் சோலை திருப்பூருக்கு வேலைக்குப் போனார், போனவர் போனவர்தான். அதற்காக இவர் ஒரு நாளும் மூக்கைச் சிந்தி நான் பார்த்ததில்லை. ஒற்றை ஆளாக நின்று மகள் பவதாரிணியைக் கல்லூரி வரை கொண்டுவந்துவிட்டார். நடையில் வேகம், குரலில் கனம். "வாரேன், வாரேன், சாவிய எடுத்து வைங்க" என்று அவர் போனில் பேசினால் எதிர்முனைக்காரருக்குப் போன் இல்லாமலே கேட்கும்.

அவருடைய தொழிலில் ஒரு நாளைக்கு நூறு தடவை காதில் விழும் சொல் ஒன்று உண்டு. டீசன்ட்.

இந்த ஒரு சொல்லை வைத்துக்கொண்டு நம் ஊரில் பண்ணுகிற அக்கிரமம் கொஞ்சநஞ்சமில்லை. சலூனில் "டீசன்ட்டா வெட்டுங்க" என்றால் காதுக்கு மேலே மிஷினை ஏற்றாதே என்று அர்த்தம். மொய் எவ்வளவு செய்யலாம் என்று கேட்டால் "டீசன்ட்டா ஒரு தொகை" என்பார்கள். எவ்வளவு என்பதைக் கடைசிவரை சொல்லமாட்டார்கள். ஆரப்பாளையம் பஸ் ஸ்டாண்டுப் பக்கம் லாட்ஜில் டீசன்ட் ரூம் என்றால் பாத்ரூம் உள்ளேயே இருக்கிறது என்று பொருள். பையன் டீசன்ட்டாக மார்க் எடுத்திருக்கிறான் என்று தகப்பன் சொன்னால் மேற்கொண்டு கேட்கக்கூடாது. "டீசன்ட்டா சொல்றேன், கேட்டுக்க" என்று ஒருவன் ஆரம்பித்தால் செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்பிவிட வேண்டும். நாங்கள் வீட்டில் பேசுவது சௌராஷ்டிரம். அதிலும் இந்தச் சொல்லுக்கு மாற்று தேடியதில்லை, அங்கேயும் டீசன்ட்தான்.

ஆனால் வீட்டுக்காரர்கள் வாயில் இந்தச் சொல் படும் பாடு தனி. எல்லோரும் ஜெயக்கொடியிடம் சொல்வது ஒரே வாக்கியம்: "பார்ட்டி டீசன்ட்டா இருக்கணும்." அதற்குள் அவரவர் என்ன வைத்திருக்கிறார்கள் என்று கண்டுபிடிப்பதுதான் அவருடைய வித்தை. பின் தெருவில் ஒரு ரிடையர்டு பாங்க் ஆபீசர் இருக்கிறார். அவருக்கு டீசன்ட் என்றால் சின்னப் பிள்ளைகள் இல்லாத குடும்பம். கார் மேல் பந்து விழக்கூடாது. அதே தெருவில் தனியாக இருக்கும் டீச்சருக்கு டீசன்ட் என்றால் வீட்டில் கட்டாயம் ஆண்பிள்ளை இருக்கவேண்டும், திருடன் பயம். அடுத்த வீட்டுக்காரருக்குக் கல்யாணமாகாத ஆண்பிள்ளை இருந்தாலே டீசன்ட் இல்லை. சிலர் கறி சமைப்பீர்களா என்று கேட்பார்கள். இன்னும் சிலர் எந்த ஊர்க்காரங்க என்று கேட்பார்கள். ஊரின் பெயரைத் தெரிந்துகொள்வதற்காக அவர்கள் அப்படிக் கேட்பதில்லை என்பது நமக்கெல்லாம் தெரியும். நான் கடைக்குள் உட்கார்ந்து இதையெல்லாம் கேட்டுச் சிரித்துக்கொண்டிருப்பேன்.

ஒரு பார்ட்டியை வீட்டுக்காரர் வேண்டாம் என்று சொல்லிவிட்டால், அந்தக் காரணத்தை ஜெயக்கொடி பார்ட்டியிடம் சொல்லவே மாட்டார். "அந்த வீட்டுல மாடிக்குத் தண்ணி ஏறலம்மா, உங்களுக்குச் சரிப்படாது" என்று சொல்லிவிடுவார். எங்கள் பக்கம் தண்ணீர் ஏறவில்லை என்றால் யாரும் மறுபேச்சுப் பேசமாட்டார்கள். முகம் வாடாமல் அடுத்த வீட்டைப் பார்க்கப் போய்விடுவார்கள். நல்ல மனதோடு சொன்ன பொய்தான். ஒரு தடவை நைட் டியூட்டி பார்க்கும் நர்ஸ் பெண் ஒருத்தியை இப்படித்தான் மூன்று வீடுகளிலிருந்து அனுப்பிவைத்தார். மூன்று மாடியிலும் தண்ணீர் ஏறவில்லை.

போன வருடம் வைகாசியில் ஜெயக்கொடி குடியிருந்த வீட்டின் சொந்தக்காரர் அதை விற்றுவிட்டார். வாங்கியவர் இடித்துக் கட்டப்போகிறார். ஆடி பிறப்பதற்குள் காலி செய்துவிட வேண்டும் என்பது பேச்சு. ஆடியில் யாரும் வீடு மாறமாட்டார்கள், பால் காய்ச்சமாட்டார்கள், வீட்டுக்காரரும் சாவி கொடுக்கமாட்டார். அதனாலேயே ஆனி மாதம் முழுக்க புரோக்கர்களுக்கு மூச்சுவிட நேரம் இருக்காது. ஊரில் அத்தனை பேருக்கும் ஓடி ஓடி வீடு பிடித்துக் கொடுத்த ஜெயக்கொடி, தன் வீட்டைக் கடைசிக்கு வைத்துக்கொண்டார். எனக்கா கிடைக்காது என்ற தெம்பு. வில்லாபுரத்தில் எந்த வீட்டு ஜன்னலுக்குக் கொக்கி இல்லை என்பது வரை தெரிந்தவருக்கு அந்தத் தெம்பு இருப்பதில் தப்பில்லை.

ஆனி முடிய பதினைந்து நாள் இருக்கும்போது கேட்க ஆரம்பித்தார். முதல் ஆள் அந்த பாங்க் ஆபீசர். "உனக்கில்லாத வீடாம்மா" என்றவர் மறுநாள் போனை எடுக்கவில்லை. டீச்சர், வீட்டில் ஆண்பிள்ளை இல்லையே என்று இழுத்தார். மூன்றாவது ஆள் மகனைக் கேட்கவேண்டும் என்றார்; மகன் அப்பாவைக் கேட்கச் சொன்னான். வீடு கிடைக்காவிட்டால் சாமான்களைக் கட்டிக்கொண்டு எழுமலையில் அண்ணன் நல்லகாமன் வீட்டுக்குப் போகவேண்டியதுதான். அங்கிருந்து பவதாரிணி தினமும் கல்லூரிக்கு வந்து போக முடியாது. அதைவிட, தனக்கே ஒரு வீடு பிடிக்கத் தெரியாத புரோக்கரிடம் அப்புறம் யார் வந்து வீடு கேட்பார்கள்?

இந்த இடத்தில் நான் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். என் வீட்டு மாடி சித்திரையிலிருந்து காலியாகக் கிடந்தது. ஜெயக்கொடியே மூன்று பார்ட்டிகளைக் கூட்டிக்கொண்டு வந்து காட்டினார். நான்தான் டீசன்ட்டாகப் பாருங்கள் என்று தட்டிக்கழித்தேன். நானாகக் கொடுப்பேன் என்று அவர் இத்தனை நாளும் காத்திருந்திருக்கிறார். கடைசியில் ஒரு வியாழக்கிழமை காலையில் டீயைக் கையில் வைத்துக்கொண்டு அவரே கேட்டார்.

"மாடிய எனக்குக் குடுங்கண்ணே. நானும் பவதாரிணியும்தான."

வீட்டில் கேட்டுச் சொல்கிறேன் என்றேன். சங்கடம் வந்தால் மனைவியின் முந்தானைக்குப் பின்னால் ஒளிந்துகொள்வது எங்கள் தெரு ஆண்களுக்குக் கைவந்த கலை. அன்றைக்கு மத்தியானம் சாப்பிடும்போது என் மனைவி நாகமணியிடம் விஷயத்தைச் சொன்னேன். எங்கள் மகள் காவ்யஸ்ரீக்கு மாப்பிள்ளை பார்த்துக்கொண்டிருந்த நேரம் அது. நாகமணி உங்கள் இஷ்டம் என்றுதான் சொன்னாள். நான்தான் பேசிக்கொண்டே போனேன். புருஷன் இல்லாத வீடு, பொழுதன்னைக்கும் யாராவது கதவைத் தட்டி வீடு இருக்கா என்று கேட்பான், பெண் பார்க்க வருகிறவர்கள் மாடியில் யார் என்று கேட்டால் என்ன சொல்வது. இத்தனையும் என் வாயிலிருந்து வந்ததுதான். பதினோரு வருடமாக வீட்டுக்காரர்களைப் பார்த்துச் சிரித்த வாய்.

மறுநாள் ஜெயக்கொடி வந்து நாற்காலியில் உட்காருவதற்கு முன்பே சொல்லிவிட்டேன்.

"மாடிக்குத் தண்ணி ஏறலம்மா. உங்களுக்குச் சரிப்படாது."

சொல்லி முடித்த பிறகுதான் நான் என்ன சொன்னேன் என்பது எனக்கே உறைத்தது. அந்த வார்த்தைகள் எப்படி அத்தனை சுலபமாக வந்தன என்று இப்போதும் தெரியவில்லை. தினமும் கேட்டுக் கேட்டு நாக்கில் ஒட்டிக்கொண்டிருந்திருக்கும். ஜெயக்கொடி நாற்காலியில் உட்காரவில்லை.

"அது நான் சொல்ற பொய்யிண்ணே" என்றார்.

குரலை உயர்த்தவில்லை. எனக்கு ஜெராக்ஸ் மிஷினுக்குள் தலையை விட்டுக்கொள்ளலாம் போல இருந்தது. நிஜத்தைச் சொல்லியிருந்தால் கேட்டுக்கொண்டு அடுத்த வீட்டைப் பார்த்திருப்பேனே என்றார். பிறகு என்னை விட்டுவிட்டுத் தெருவைப் பார்த்துக்கொண்டு, யாரிடமோ பேசுவது போலச் சொன்னார்.

"எம்புட்டுப் பேருக்குச் சொல்லிருக்கேன். மனசு நோகக் கூடாதுன்னு சொன்னேன். அவுகளுக்கும் தெரிஞ்சுதான இருந்திருக்கும்."

குடையை எடுத்துக்கொண்டு போய்விட்டார். அப்புறம் ஐந்து நாள் கடைப் பக்கமே வரவில்லை. சிவப்பு நாற்காலியைப் பார்க்கப் பிடிக்காமல் உள்ளே எடுத்துப் போட்டேன். வீடு கேட்டு வந்தவர்கள் எல்லாம் அக்கா எங்கே, அக்கா எங்கே என்று கேட்டு என் உயிரை வாங்கினார்கள். ஆனாலும் போன் போட்டு மாடியை எடுத்துக்கொள்ளுங்கள் என்று சொல்லும் தைரியமும் வரவில்லை.

ஆறாவது நாள் வந்தார். வரும்போதே குரல் முன்னால் வந்தது. உள்ளே கிடந்த நாற்காலியை அவரே எடுத்துப் போட்டு உட்கார்ந்து, ஒரு ஒப்பந்தம் அடிக்கவேண்டும் என்றார். அவனியாபுரம் போகும் வழியில் இட்லி மாவு அரைத்து விற்கும் முனீஸ்வரி, கடைக்குப் பின்னால் புதிதாக இரண்டு அறை கட்டியிருக்கிறார். ஜெயக்கொடி அவரிடம் போய், தண்ணீர் உண்டா, வெளிச்சம் உண்டா என்றெல்லாம் கேட்கவில்லை. தன்னைப் பற்றி முதலில் சொல்லியிருக்கிறார். புருஷன் என்னோடு இல்லை, திருப்பூரில் இருக்கிறார், வரமாட்டார். வயசுப்பிள்ளை இருக்கிறது. போன் நாள் முழுக்க அடிக்கும். ஞாயிற்றுக்கிழமை கறி எடுப்பேன். ஆள்கள் தேடி வருவார்கள். இதில் எது ஒத்துவராது என்றாலும் என் முகத்துக்கு நேரே சொல்லிவிடுங்கள் என்று கேட்டிருக்கிறார்.

முனீஸ்வரி எல்லாவற்றையும் மாவு அள்ளிக்கொண்டே கேட்டுவிட்டு, விடியற்காலை மூன்று மணிக்கு கிரைண்டர் ஓடும், உங்களுக்குத் தூக்கம் கெடாதா என்று கேட்டாராம். அதைச் சொல்லும்போதுதான் ஜெயக்கொடிக்குக் கண் கலங்கியது. துடைத்துக்கொண்டு, தேதியைச் சரியாகப் போடுங்கள் என்று என்னை அதட்டினார்.

ஆனி முடிவதற்கு இரண்டு நாள் முன்னால் பால் காய்ச்சினார். என்னையும் நாகமணியையும் கூப்பிட்டிருந்தார். நாகமணி ஒரு எவர்சில்வர் குடம் வாங்கிக்கொண்டு வந்தாள். பவதாரிணி எங்களுக்கு டம்ளரில் பால் கொண்டுவந்து கொடுத்தாள். அந்தப் பெண்ணின் முகத்தை என்னால் நேராகப் பார்க்க முடியவில்லை. எனக்கு வெட்கமாக இருந்தது, அதை இங்கே மறைத்து என்ன ஆகப்போகிறது.

அதற்கப்புறம் ஜெயக்கொடி தொழில் பண்ணும் முறையே மாறிவிட்டது. தண்ணீர்ப் பொய்யை விட்டுவிட்டார். வீட்டுக்காரர் டீசன்ட் என்று வாயைத் திறந்தால், என்ன வேண்டும், என்ன வேண்டாம் என்று ஒரு தாளில் எழுதிக் கொடுங்கள், அதைப் பார்ட்டியிடம் அப்படியே காட்டுகிறேன் என்கிறார். பாங்க் ஆபீசருக்குக் கோபம் வந்து வேறு புரோக்கரிடம் போய்விட்டார். போகட்டும் என்றார். இரண்டு மூன்று பேர் எழுத உட்கார்ந்து, பேனாவை மூடி வைத்துவிட்டு, நீங்களே நல்ல ஆளாகப் பாருங்கள் என்று சொல்லிவிட்டார்கள். கமிஷன் கொஞ்சம் குறைந்ததுதான். ஆனால் வீடு தேடி வருகிற பெண்கள் இப்போது நேராக அவர் பெயரைச் சொல்லிக்கொண்டு வருகிறார்கள். அந்த நர்ஸ் பெண்ணை அவரே தேடிப்பிடித்து, போய் நின்று உண்மையைச் சொல்லிவிட்டு வந்தார். அவள் என்ன சொன்னாள் என்பதை என்னிடம் சொல்லவில்லை.

ஆவணி பிறந்தது. என் மாடி பூட்டியபடியே கிடந்தது. காவ்யஸ்ரீயைப் பெண் பார்க்க வந்தவர்கள் மாடியைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. காபி குடித்தார்கள், போனார்கள். ஒரு நாள் காலை ஜெயக்கொடி வேட்டியை மடித்துக் கட்டிய ஒரு பார்ட்டியை அனுப்பிவிட்டு, என் பக்கம் திரும்பினார். மாடிக்கு ஆள் பார்க்கட்டுமா என்று கேட்டார். பாருங்கள் என்றேன்.

"அப்ப எழுதிக் குடுங்கண்ணே. எல்லாருக்கும் ஒரே சட்டந்தான."

கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்தேன். வாடகையைத் தேதி தவறாமல் கொடுப்பவர் என்று அடித்தேன். குடி, சண்டை, கூச்சல் இல்லாதவர். வீட்டைச் சுத்தமாக வைத்திருப்பவர். சொன்ன சொல் மாறாதவர். மனதில் இன்னும் இரண்டு மூன்று இருந்தன. அவற்றை எழுத்தில் அடிக்க விரல் வரவில்லை. அதோடு நிறுத்திக்கொண்டு பிரின்ட் எடுத்து நீட்டினேன். ஜெயக்கொடி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, வரிக்குக் கீழே விரலை வைத்து, நிதானமாகப் படித்தார்.

"இம்புட்டுத்தானா?"

"இம்புட்டுத்தாம்மா."

"இதுல எதுண்ணே எங்கிட்ட இல்லாமப் போச்சு?"

கோபத்தில் கேட்கவில்லை. தெரிந்துகொள்ள வேண்டும் என்றுதான் கேட்டார். கேட்டுவிட்டுக் கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தார்.